நூறு பேர் பிடித்த படம்

1940 ஆகஸ்ட் 23 அன்று வெளியான 'மகாத்மா காந்தி' என்ற தமிழ் ஆவணப்படத்தின் நீளம் 12,000 அடி. அதை எடுத்தவர் ஏ.கே. செட்டியார். எடுத்தவர் என்று வழக்கத்துக்குச் சொல்கிறோம். உண்மையில் அந்தப் படத்தின் பெரும்பகுதியைப் பிடித்தவர்கள் வேறு யார் யாரோ: முப்பது ஆண்டுக் காலத்தில், பல நாடுகளில், பல நிறுவனங்களுக்காக வேலை பார்த்த ஏறத்தாழ 100 கேமராக்காரர்கள். அவர்கள் ஒருவரையொருவர் அறியமாட்டார்கள். காந்தியின் வாழ்க்கையைப் படமாக்குகிறோம் என்ற நினைப்பும் அவர்களுக்கு இல்லை. அன்றைய செய்தியைப் பிடித்து அனுப்பிவிட்டு அடுத்த வேலைக்குப் போனவர்கள். அந்தத் துண்டுகள் எங்கெங்கே கிடக்கின்றன என்று தேடி, 50,000 அடி சேர்த்து, அதிலிருந்து 12,000 அடியைத் தேர்ந்தெடுத்தவர் செட்டியார். இதற்காக அவர் பயணம் செய்த தூரம் 1,00,000 மைல்.

புகைப்படம் பயின்றவர், படம் எடுத்தவர், பயண எழுத்தாளர், இதழாசிரியர் என்று அவருக்குப் பல அடைமொழிகள் உண்டு. ஒவ்வொன்றாகச் சொல்லும்போது அவை தனித்தனி வேலைகளாகத் தெரிகின்றன. எனக்கு அப்படித் தோன்றவில்லை. அவர் வாழ்நாள் முழுக்கச் செய்தது ஒரே வேலைதான்: பிறர் பதிவுசெய்துவிட்டு மறந்துபோனதைத் தேடி எடுத்து, ஒழுங்குபடுத்தி, தமிழர் முன்னால் வைப்பது. படைப்பு என்பது புதிதாக ஒன்றை உண்டாக்குவது மட்டுமே என்று நம்பும் சூழலில் இந்த வேலைக்கு உரிய மதிப்பு கிடைப்பதில்லை. செட்டியாருக்கும் கிடைக்கவில்லை.

கருப்பன் செட்டியார் என்ற முழுப்பெயர் கொண்ட அவர் 1911இல் காரைக்குடியை அடுத்த கோட்டையூரில் பிறந்தார். பள்ளிப் படிப்பு திருவண்ணாமலையில். அவர் சமூகமான நகரத்தார் வீட்டுப் பிள்ளைகள் கொண்டுவிற்கப் போகிற தேசங்கள் அப்போது பர்மாவும் மலேயாவும் இலங்கையும். அவரும் பர்மாவுக்குப் போனார். ஆனால் வட்டிக்கடைப் பெட்டியடிக்கு அல்ல, பத்திரிகைக்கு. அங்கே நகரத்தார் நடத்திய 'தனவணிகன்' இதழுக்கு ஆசிரியரானபோது அவருக்கு இருபது வயதைச் சற்றே தாண்டியிருந்தது. இருந்த இடத்தில் இருக்கும் சுபாவம் அவருக்கு இல்லை. புகைப்படக் கலை கற்க ஜப்பான் போனார். டோக்கியோவில் படித்துவிட்டு நியூயார்க்கில் மேற்கொண்டு பயின்றார். 1930களில் ஒரு தமிழ் இளைஞர் கேமராவைக் கற்க இரண்டு சமுத்திரம் தாண்டினார் என்பதே தனியாக எழுத வேண்டிய விஷயம். வீட்டில் பணம் இருந்தது, உண்மை. பணமிருந்த எத்தனையோ வீடுகளில் இந்த ஆசை எழவில்லை என்பதும் உண்மை.

1937 அக்டோபர் 2. நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குப் போகும் 'சமாரியா' கப்பலில் இருந்தார். காந்தி பிறந்த நாள் அது. காந்தியைப் பற்றி ஒரு முழுநீள ஆவணப்படம் எடுத்தால் என்ன என்ற எண்ணம் அங்கேதான் வந்தது என்று பின்னாளில் எழுதினார். அப்போது அவருக்கு 26 வயது நிறையவில்லை. திரைப்படத் தொழிலில் எந்த இடமும் இல்லாதவர். தமிழில் பேசும்படம் வந்தே ஆறு ஆண்டுதான் ஆகியிருந்தது. புராணக் கதையும் பாட்டும் இல்லாத படத்தைக் காசு கொடுத்துப் பார்ப்பார்களா என்று கேட்டவர்களைக் குறை சொல்ல முடியாது. அவர்களுக்கு முன்னால் எடுத்துக்காட்டே இல்லை. சென்னை திரும்பி, டாக்குமெண்டரி ஃபிலிம்ஸ் லிமிடெட் என்ற நிறுவனத்தைத் தொடங்கினார்.

இந்தப் படத்துக்கு ஏன் ஒரு லட்சம் மைல் தேவைப்பட்டது என்பதை விளக்க வேண்டும். காந்தி 1915இல் இந்தியா திரும்பினார். அதற்கு முந்தைய இருபது ஆண்டுக்கு மேற்பட்ட வாழ்க்கை தென்னாப்பிரிக்காவில் கழிந்தது. திரும்பிய பிறகும் அவரைப் படம் பிடித்தவர்களில் பலர் வெளிநாட்டுச் செய்திப்பட நிறுவனத்தார். 1930இல் தண்டி யாத்திரையை இந்திய நிறுவனங்கள் சில படமெடுத்தன. அப்படங்களை அரசு தடை செய்தது. 1931 ஏப்ரலில் குஜராத்தின் போர்சத் என்ற சிற்றூருக்கு ஃபாக்ஸ் மூவிடோன்காரர்கள் ஒலிக் கருவியைத் தூக்கிக்கொண்டு வந்து காந்தியைப் பேட்டி எடுத்தார்கள். அவ்வாண்டின் இறுதியில் வட்டமேஜை மாநாட்டுக்காக அவர் இங்கிலாந்து சென்றபோது, லண்டனிலும் லங்காஷயர் நெசவாலைத் தொழிலாளர் நடுவிலும் செய்திப்படக்காரர்கள் அவரைச் சூழ்ந்தார்கள். அந்தச் சுருள்களெல்லாம் லண்டன், பாரிஸ், நியூயார்க் போன்ற நகரங்களின் கிடங்குகளில் இருந்தன. இந்தியாவின் தலைவர் இந்தியாவில் இல்லை. ஐரோப்பாவிலும் அமெரிக்காவிலும் தகர டப்பாக்களுக்குள் இருந்தார்.

செய்திப்படம் வாரத்துக்கு ஓரிரு முறை மாறுவது. அடுத்த வாரம் அதற்கு விலை இல்லை. நிறுவனங்கள் சில துண்டுகளை எதற்கும் இருக்கட்டும் என்று வைத்திருந்தன, மிச்சத்தை எறிந்தன. வைத்திருந்தவற்றுக்கும் நம்பகமான பட்டியல் கிடையாது. தேடிப்போகிறவர் ஒரு டப்பாவைத் திறந்து, பார்க்கும் கருவியில் ஓட்டி, அதில் காந்தி இருக்கிறாரா, எந்த ஆண்டு, எந்த ஊர், பக்கத்தில் நிற்பவர் யார் என்று தானே கண்டுபிடித்தாக வேண்டும். கண்டபின் அடிக்கணக்கில் பணம் கட்டிப் பிரதி வாங்க வேண்டும். ஆகவே இதற்குத் தேவைப்பட்டது கேமரா வித்தை அல்ல, காந்தியின் வாழ்க்கையை நாள்வாரியாக அறிந்திருக்கும் படிப்பு. செட்டியாரிடம் அது இருந்தது. பத்திரிகை ஆசிரியராக இருந்த பழக்கம் இங்கேதான் கைகொடுத்தது என்று நினைக்கிறேன்.

படத்தின் நாயகரான காந்தியோ சினிமாவை வெறுத்தவர். 1927-28இல் இந்தியச் சினிமா விசாரணைக் குழு அனுப்பிய கேள்விப் பட்டியலுக்கு, தாம் சினிமா பார்த்ததே இல்லை, அது தீமை செய்கிறது என்றே தெரிகிறது என்ற பொருளில் பதில் எழுதினார். படத்துக்கென்று உட்கார்ந்து காட்டும் வழக்கம் அவரிடம் இல்லை. அவருடைய உறவினர் கனு காந்தி ஆசிரமத்துக்குள்ளேயே இருந்து புகைப்படம் எடுக்க அனுமதி கேட்டபோது மூன்று நிபந்தனைகள் விதித்தார்: ஃபிளாஷ் கூடாது, நிற்கச் சொல்லவோ உட்காரச் சொல்லவோ கூடாது, ஆசிரமப் பணம் ஒரு பைசாவும் கிடைக்காது. கனு காந்தியின் படங்கள் மிக நெருக்கமானவை. ஒரு மனிதர் தூங்குவதையும் நடப்பதையும் எடை பார்த்துக்கொள்வதையும் காட்டுபவை. செட்டியாருக்கு அந்த நெருக்கம் வாய்க்கவில்லை. அவர் வெளியிலிருந்து, உலகம் காந்தியைப் பார்த்த பார்வைகளையெல்லாம் திரட்டினார். காந்தியைப் பற்றிய காட்சிப் பதிவுகளில் இந்த இரண்டு வழிகளும் ஒன்றையொன்று நிரப்புகின்றன. இரண்டில் கனு காந்தியின் வழியைப் பலரும் அறிவோம். செட்டியாரின் வழி பேசப்படாமல் போனது.

திரட்டியதைக் கோப்பதிலும் ஒரு சிக்கல் உண்டு. படத்துக்கு ஒலி வருவதற்கு முன்பு கேமராவைக் கையால் சுற்றினார்கள். நொடிக்கு 16, 18 என்று சட்டங்கள் (ஃபிரேம்கள்) ஓடின. பேசும்படம் வந்தபின் நொடிக்கு 24 என்று நிலைத்தது. பழைய துண்டைப் புதிய வேகத்தில் ஓட்டினால் மனிதர்கள் துள்ளித் துள்ளி ஓடுவார்கள். காந்தி இயல்பிலேயே வேகமாக நடப்பவர். பழைய செய்திப்படங்களில் அவர் பொம்மைபோல் விரைவதைப் பார்த்துச் சிரிக்கும் இன்றைய பிள்ளைகளுக்கு இந்தக் கணக்கைச் சொல்லித்தர வேண்டும். முப்பத்தைந்து மில்லிமீட்டர் ஃபிலிமில் ஓர் அடிக்கு 16 சட்டங்கள். பேசும்பட வேகத்தில் நிமிடத்துக்கு 90 அடி. ஆக, செட்டியார் சேர்த்த 50,000 அடி ஒன்பது மணி நேரத்துக்கும் மேற்பட்ட படம். வெளியிட்டது 2 மணி 13 நிமிடம். நாலில் மூன்று பங்குக்கு மேல் கழித்திருக்கிறார். அரும்பாடுபட்டுத் தேடிச் சேர்த்தவருக்கு அதைக் கழிக்கவும் மனம் வந்தது என்பதில்தான் அவரைக் கலைஞராகக் காண்கிறேன்.

பாரிஸில் சினிமா பயின்று வந்து இந்தியச் செய்திப்படத் துறையின் முன்னோடிகளில் ஒருவரான டாக்டர் பி.வி. பதி இந்த முயற்சியில் துணைநின்றார். ராட்டையைப் பற்றிய பாட்டை டி.கே. பட்டம்மாள் பாடினார். தமிழ்ப் பதிப்பை அடுத்துத் தெலுங்கு விளக்கவுரையோடும் படம் வந்தது.

வெளியான காலத்தைக் கவனிக்க வேண்டும். 1939 செப்டம்பரில் போர் தொடங்கியது. இந்தியாவைக் கேட்காமலேயே போரில் இழுத்துவிட்டதை எதிர்த்து மாகாணங்களின் காங்கிரஸ் அமைச்சரவைகள் விலகின. சென்னை மாகாணம் கவர்னர் ஆட்சியின்கீழ் வந்தது. போருக்கு ஆதரவு திரட்டும் குறும்படங்களுக்காக 1940இல் அரசு ஓர் ஆலோசனைக் குழுவையே அமைத்தது. அதே 1940இல், தனியார் ஒருவர் தம் முயற்சியில், அரசுக்கு எதிரே நிற்கும் தலைவரின் வாழ்க்கையை இரண்டு மணி நேரத்துக்கு மேல் காட்டும் படத்தைத் திரையிட்டார். அதே ஆண்டு அக்டோபரில் வினோபா பாவே தனிநபர் சத்தியாகிரகத்தைத் தொடங்கினார். 1942 ஆகஸ்டுக்குப் பிறகு இப்படியொரு படத்தைப் பொதுவில் ஓட்டுவதை எண்ணிப் பார்க்கவும் முடிந்திராது. சில மாதங்கள் தள்ளிப்போயிருந்தால்கூட எல்லாம் வீணாகியிருக்கலாம்.

இந்திய அரசின் ஃபிலிம்ஸ் டிவிஷன் 1948இல்தான் வந்தது. விட்டல்பாய் ஜவேரி அதே வழியில் பழைய துண்டுகளைத் திரட்டி, ஐந்து மணி நேரத்துக்கும் மேல் ஓடும் காந்தி ஆவணப்படத்தை 1968இல் வெளியிட்டார். ரிச்சர்ட் அட்டன்பரோவின் கதைப்படம் 1982இல் வந்து, அடுத்த ஆண்டு எட்டு ஆஸ்கர் விருதுகள் பெற்றது. இந்த மூன்றுக்கும் முந்தையது செட்டியாருடையது. அட்டன்பரோ விருது வாங்கியபோது செட்டியார் உயிரோடு இருந்தார். அதே 1983 செப்டம்பரில் காலமானார்.

படம் முடிந்தபின் அவர் இன்னொரு படத்துக்குப் போகவில்லை. 1943இல் 'குமரி மலர்' என்ற மாத இதழைத் தொடங்கி ஏறத்தாழ 40 ஆண்டு நடத்தினார். அதன் பழைய இதழ்களைப் புரட்டுகிறவர்களுக்கு ஒன்று சட்டென்று புலப்படும்: அதில் ஆசிரியர் குறைவாகவே பேசுகிறார். முந்தைய நூற்றாண்டின் பத்திரிகைகளிலிருந்தும் மறந்துபோன நூல்களிலிருந்தும் கட்டுரைகளைத் தேடி எடுத்து மறுபடி அச்சிட்டார். காந்திப் படம் எடுத்த அனுபவத்தையும் அங்கேதான் தொடராக எழுதினார். 1968இல் அவர் கொண்டுவந்த 'தமிழ்நாடு' என்ற தொகுப்பு நூறு ஆண்டுக்கு முற்பட்ட பயணக் கட்டுரைகளால் ஆனது. தமிழ்நாட்டை நடந்தும் வண்டியிலும் சுற்றியவர்கள் எழுதிவைத்துவிட்டுப் போன குறிப்புகளை அவர் ஒரே நூலாகக் கோத்தபோது, செய்திப்படத் துண்டுகளைக் கோத்த அதே கைதான் வேலை செய்தது. யாரோ ஒருவர் வழியில் பார்த்த சத்திரம், இன்னொருவர் கடந்த ஆறு, மற்றொருவர் கொடுத்த வண்டிச் சத்தம். தனியாகக் கிடந்தால் அவை துணுக்குகள். வரிசைப்படுத்தியபோது ஒரு நாடு தெரிகிறது.

அவருடைய சொந்தப் பயண நூல்களான 'உலகம் சுற்றும் தமிழன்', 'குடகு', 'கயானா முதல் காஸ்பியன் கடல் வரை' போன்றவற்றிலும் இதே குணம் உண்டு. வர்ணனை இல்லை. வியப்புக் குறிகள் இல்லை. கண்ட மனிதரையும் கேட்ட பேச்சையும் குறுகிய வாக்கியங்களில் சொல்லிவிட்டு நகர்கிறார். கேமராவில் பழகியவரின் உரைநடை இது என்று சொல்லத் தோன்றுகிறது; எதைச் சட்டத்துக்கு வெளியே விடுவது என்று தெரிந்தவர் எழுதியது. பயண எழுத்தில் எழுதுகிறவரே பெரிதாகத் தெரியும் நம் காலத்தில், அவர் எங்கே நிற்கிறார் என்பதைத் தேடித்தான் காண வேண்டியிருக்கிறது.

இதை அம்பத்தூரில் இருந்து எழுதுகிறேன். சென்னையின் மேற்குப் புறநகருக்கும் செட்டியாருக்கும் நேரடித் தொடர்பு எதுவும் இல்லை. ஆனாலும் அவருடைய வழிமுறையை நினைக்கும்போதெல்லாம் இந்தப் பகுதிதான் என் கண்முன் வருகிறது. 1955 ஜனவரியில் ஆவடியில் யு.என். தேபர் தலைமையில் காங்கிரஸ் மாநாடு கூடியது. இந்தியாவில் சோஷலிசப் பாணிச் சமுதாயம் அமைப்பது என்று தீர்மானித்த மாநாடு அது. அடுத்த முப்பது ஆண்டுப் பொருளாதாரக் கொள்கையின் பெயரே அங்கிருந்து வந்தது. மாநாடு நடந்த இடத்துக்குச் சத்தியமூர்த்தி நகர் என்று பெயரிட்டார்கள். சினிமாவைத் தீண்டத்தகாததாகக் கருதிய காங்கிரஸ் தலைவர்கள் நடுவே சினிமாக்காரர்களோடு நின்ற சத்தியமூர்த்தியின் பெயர் அது. அந்த நாட்களில் அங்கே எத்தனை கேமராக்கள் இயங்கியிருக்கும்! நேருவையும் காமராசரையும் காண வந்த கூட்டம், பந்தல், ரயிலிலிருந்து இறங்கியவர்கள், சமையல் கொட்டகை. அரசின் செய்திப்படம் பிடித்தது ஒருபுறம் இருக்கட்டும். உள்ளூர் ஸ்டுடியோக்காரர்கள் எடுத்தவை எங்கே?

மாநாட்டோடு நிற்கவும் வேண்டாம். 1949இல் நிறுவப்பட்டு அம்பத்தூரில் இயங்கிய டி.ஐ. சைக்கிள் ஆலை, 1961இல் ஆவடியில் வந்த கனரக வாகனத் தொழிற்சாலை, 1965இல் அங்கிருந்து வெளிவந்த முதல் விஜயந்தா டாங்கி, 1960களில் ஏரிக்கரையையும் வயலையும் தாண்டி விரிந்த அம்பத்தூர் தொழிற்பேட்டை என்று ஒரு விவசாயப் பகுதி ஒரே தலைமுறையில் பட்டறை நகரமாக மாறியது. லேத் பட்டறையின் ஆயுதபூஜை குரூப் போட்டோ, சங்கத்தின் வாயில்கூட்டம், பணி ஓய்வு நாளின் மாலை மரியாதை ஆகியவை வீட்டுப் பரண்களிலும் மூடிப்போன ஸ்டுடியோக்களின் நெகட்டிவ் பெட்டிகளிலும் இருக்கின்றன. பூந்தமல்லியை அடுத்து சினிமாவுக்காகப் பெரிய பெரிய செட்டுகள் எழுகின்றன. பக்கத்திலேயே உண்மையில் வாழ்ந்த வாழ்க்கையின் பதிவு பழைய பேப்பர்காரரிடம் எடைக்குப் போகிறது. இங்கே புதிதாக ஓர் ஆவணப்படம் எடுக்க விரும்புகிறவர் கேமரா வாங்குமுன் வீடு வீடாகப் போய்க் கேட்க வேண்டும் என்பேன். கேட்கும் முறைக்கு, காந்திப் படம் எடுத்த அனுபவத் தொடரின் நூல் வடிவமான செட்டியாரின் 'அண்ணல் அடிச்சுவட்டில்' நல்ல பாடநூல். யாரிடம் என்ன இருக்கும் என்று ஊகிப்பது, மறுத்தவரிடம் மறுபடி போவது, கிடைத்ததற்கு நாளும் இடமும் குறித்துக்கொள்வது எல்லாம் அதில் உள்ளன.

செட்டியாரின் படத்துக்கு நேர்ந்தது எடைக்குப் போவதைவிடக் கொடியது. விடுதலையின்போது ஹிந்திப் பதிப்பு டில்லியில் காட்டப்பட்டது. 1953இல் அமெரிக்காவில் ஆங்கிலப் பதிப்பு வந்தது; குவென்டின் ரேனால்ட்ஸ் என்ற பத்திரிகையாளர் விளக்கவுரை பேசினார். அதன்பின் படம் மெல்ல மறைந்தது. உலகமெங்கும் கிடந்த துண்டுகளைத் தேடிச் சேர்த்தவரின் படத்தைத் தேடிச் சேர்த்துவைக்க ஆள் இல்லை. வரலாற்றாசிரியர் ஆ.இரா. வேங்கடாசலபதி, குமரி மலரில் வந்த தொடரைத் தொகுத்து 'அண்ணல் அடிச்சுவட்டில்' நூலாக 2003இல் காலச்சுவடு வழியே கொண்டுவந்தார். படத்தையும் அவர் தேடினார். கிடைத்தது அமெரிக்காவில், ஆங்கிலப் பதிப்பின் சுருங்கிய வடிவம். அதற்காக அவருக்கு நாம் கடன்பட்டிருக்கிறோம். ஆனால் அமெரிக்கப் பார்வையாளருக்காக வெட்டி அமைத்த அந்த வடிவத்தில் 1940இன் தமிழ்ப் படம் இல்லை. செட்டியார் எந்தத் துண்டுக்குப் பின் எந்தத் துண்டை வைத்தார், எங்கே விளக்கவுரையை நிறுத்திப் பாட்டை விட்டார் என்பதெல்லாம் தமிழ்ப் பிரதி கிடைத்தால்தான் தெரியும். தொகுப்பாளருக்கு வரிசைதான் படைப்பு. வரிசை போனால் அவர் செய்தது போயிற்று.

இப்படி அழிந்தது இது ஒன்றல்ல. முதல் தமிழ்ப் பேசும்படம் என்று சொல்லப்படும் 1931இன் 'காளிதாஸ்' இன்று இல்லை. நடராஜ முதலியார் எடுத்த 'கீசக வதம்' இல்லை. தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் புனேயில் 1964இல்தான் அமைந்தது. அதற்குள் பழைய பிரதிகளைப் பெரும்பாலும் வெள்ளிக்காக உருக்கிவிட்டார்கள், அல்லது அவை தாமாகவே மக்கின. மிஞ்சியவற்றிலும் ஒரு பகுதி 2003 ஜனவரியில் புனேயில் நேர்ந்த தீயில் போனது. அக்காலத்து ஃபிலிம் நைட்ரேட்டால் ஆனது. வெப்பத்தில் தானே பற்றிக்கொள்ளக்கூடியது, பற்றினால் தண்ணீருக்குள்ளும் எரியும்.

ஆனாலும் நைட்ரேட் சுருள்கள் எதிர்பாராத இடங்களில் கிடைத்துக்கொண்டுதான் இருக்கின்றன. செட்டிநாட்டு வீட்டின் அறையிலோ, மூடிய டூரிங் கொட்டகைக்காரர் வீட்டிலோ, யாங்கோனிலோ பினாங்கிலோ கொழும்பிலோ ஒரு தமிழர் சங்கக் கட்டடத்திலோ துருப்பிடித்த வட்டத் தகர டப்பாக்கள் இருந்தால், அவற்றை வெயிலில் வைக்கக் கூடாது, விளக்கு பக்கத்தில் திறக்கக் கூடாது, தண்ணீர் விட்டுக் கழுவக் கூடாது. ஃபிலிமின் ஓரத்தில், துளைகளை ஒட்டி, 'நைட்ரேட்' என்று ஆங்கில எழுத்தில் பொடியாக அச்சாகியிருக்கலாம். கோடாக் ஃபிலிமானால் வட்டம், சதுரம், முக்கோணம் போன்ற சிறு குறிகள் இருக்கும். தயாரித்த ஆண்டை அவற்றிலிருந்து கண்டுபிடித்துவிடலாம். டப்பாவின் மேல் ஒட்டிய காகிதம் கிழிந்திருந்தாலும் அதைப் பிய்க்காமல் ஒரு புகைப்படம் எடுத்துக்கொண்டு, குளிர்ந்த, காற்றோட்டமுள்ள இடத்தில் வைத்துவிட்டுப் புனே காப்பகத்துக்குத் தெரிவிக்க வேண்டும். தமிழ் விளக்கவுரையோடு கூடிய ஒரே ஒரு ரீல் கிடைத்தாலும், பட்டம்மாள் பாடிய அந்தப் பாட்டு எந்தக் காட்சியின் மேல் ஒலித்தது என்று பார்த்துவிடலாம்.